பட்டணத்து டிராமில் நான் அடித்த மணி

1

போன ஞாயிற்றுக்கிழமை என் சகலை துரைசாமி தங்க வயல் பார்க்க மாரிகுப்பத்துக்கு வந்தார். என் மகள் அமிர்தத்தையும் கூட்டிக்கொண்டு வந்தார். என் மகளை என் வீட்டுக்கு இன்னொருவர் விருந்தாளியாகக் கூட்டி வருகிறார். இதை எழுதிவிட்டு எழுந்து போய் ஒரு சொம்பு தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறேன். தணியவில்லை.

குடியாத்தத்துக்குப் பக்கத்தில் நம் ஊரில் இருந்துகொண்டு இதைப் படிக்கிற உங்களுக்கு இந்தப் பன்னிரண்டு வருஷத்தில் எத்தனையோ எழுதியிருக்கிறேன். மைசூர் ராஜ்ஜியத்துக் குளிரை எழுதினேன். கன்னடத்தில் விலை கேட்டு ஏமாந்ததை எழுதினேன். கல்லை அரைத்துத் தங்கம் எடுத்த பிறகு மலைமலையாகக் கொட்டிவைக்கிற வெள்ளை மண் காற்றில் எழுந்து சோற்றில் விழுவதைக்கூட எழுதினேன். போன வருஷம் பட்டணம் போய்ப் பத்து நாள் டிராமில் ஊர் சுற்றினேனே, அதை மட்டும் எழுதவில்லை. "கடலைப் பாத்துட்டு வந்தியாமே, இன்னாப்பா ஒரு வரி காணோம்" என்று உங்களில் இரண்டு பேர் ஆள் மூலம் கேட்டு அனுப்பினீர்கள். எழுதாததற்குக் காரணம் பொறாமை. இன்றைக்கு எழுத உட்கார்ந்ததற்கும் அதுதான் காரணம்.

முதலில் என் வேலையைச் சொல்லிவிடுகிறேன். அது தெரியாவிட்டால் நான் செய்த காரியம் உங்களுக்கு விளங்காது.

சாஃப்ட்டு என்பது பூமிக்குள் நேர்குத்தாக இறக்கிய குழி. அதில் கேஜ் என்று ஓர் இரும்புக் கூண்டு ஆட்களை ஏற்றி இறக்கும். கூண்டின் கயிற்றைச் சுற்றுகிற எஞ்சின்காரர் தள்ளி ஒரு கொட்டகைக்குள் இருக்கிறார். அவருக்குக் குழி தெரியாது, கூண்டு தெரியாது, ஏறுகிற ஆள் தெரியாது. குழியின் வாயில் நின்று நான் இழுக்கிற மணி ஒன்றுதான் அவருக்குத் தெரியும். ஒன்று அடித்தால் நில். இரண்டு அடித்தால் இறக்கு. மூன்று அடித்தால் உள்ளே ஆள் இருக்கிறது, பார்த்துப் போ. ஏறுகிறவனுடைய இரண்டு காலும் கூண்டுக்குள் வந்ததைக் கண்ணால் பார்த்த பிறகுதான் என் கை கயிற்றுக்குப் போக வேண்டும். காரணம் இல்லாமல் அடிக்கிற மணிக்கு எங்களிடத்தில் பொய் மணி என்று பேர். குடித்துவிட்டு வேலைக்கு வந்தவனை மன்னித்துவிடுவார்கள். பொய் மணி அடித்தவனோடு ஒரே லயனில் குடியிருக்க யாரும் சம்மதிக்க மாட்டார்கள்.

இந்தக் கை மாரிகுப்பத்தில் ஒரு பொய் மணி அடித்ததில்லை.

2

அமிர்தத்துக்கு எட்டு வயசு நடக்கும்போது பெங்களூரில் பிளேக் என்று பேச்சு வந்தது. பேச்சு வந்த மறுவாரமே லயன் லயனாகச் சுண்ணாம்பு அடித்தார்கள். என் மனைவி பொன்னம்மாளின் அக்கா கன்னியம்மாளும் அவள் புருஷன் துரைசாமியும் பட்டணத்திலிருந்து ஓடிவந்து, "வியாதி ஓயட்டும், ரெண்டே மாசம்" என்று சொல்லிப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போனார்கள். அவர்களுக்குப் பிள்ளையில்லை. இரண்டு மாசம் இரண்டு வருஷம் ஆயிற்று.

துரைசாமி முன்பு வேலூரில் ஜட்கா ஓட்டினவர். குதிரை இல்லாமல் ஓடுகிற வண்டி வரப்போகிறது என்று கேள்விப்பட்டுப் பட்டணம் போனார். தங்கம் என்று கேள்விப்பட்டு நான் இங்கே வந்தேன். இத்தனை வருஷத்தில் தங்கத்தை நான் கண்ணால் கண்டதில்லை. கல்லாக மேலே வருகிறது, கல்லாகவே என்னைக் கடந்து போகிறது. அவருடைய டிராமோ பட்டப்பகலில் மவுண்ட் ரோட்டில் ஊரே பார்க்க ஓடுகிறது. அவர் போகிற வழியில் கடல் இருக்கிறது, கோட்டை இருக்கிறது, வெள்ளைக்காரிகளின் குடைகள் இருக்கின்றன. என் கூண்டு போகிற வழியில் இருட்டும், இருட்டுக்குக் கீழே இன்னும் கொஞ்சம் இருட்டும் இருக்கின்றன. ஒரே வீட்டில் பெண் எடுத்த இரண்டு பேரில் ஒருவனுக்கு மேலே எழுதினவன் இன்னொருவனுக்குக் கீழே எழுதிவிட்டான்.

எங்கள் மாரிகுப்பத்தில் கல்லை இடிக்கும் ஸ்டாம்பு மில் ஓய்வதே இல்லை. அமிர்தம் பிறந்தபோது அந்தச் சத்தம் இருந்தது. தொட்டிலை ஆட்டாவிட்டால்கூட அந்தச் சத்தத்திலேயே தூங்கிப்போகும் பிள்ளை. பட்டணம் போன புதிதில் கோணல்மாணலாக ஒரு கடுதாசி எழுதியிருந்தாள். "இங்க சத்தம் இல்லாம தூக்கம் வரல நைனா." அந்தக் கடுதாசியை மடித்துத் தலைப்பாகைக்குள் வைத்துக்கொண்டுதான் ஆறு மாசம் வேலைக்குப் போனேன். அப்புறம் வந்த கடுதாசிகளில் எழுத்து நேராகிவிட்டது. மிஷன் பள்ளிக்கூடத்துப் பாடம், டிராம் நிற்கிற இடங்களின் பேர், பெரியப்பா சொன்னது, பெரியப்பா வாங்கித் தந்தது, பெரியப்பாவோடு போனது. தூக்கத்தைப் பற்றி ஒன்றும் இல்லை.

"போயி கூட்டிக்கினு வாங்க" என்றாள் பொன்னம்மாள். "இன்னும் ஒரு வருசம் வுட்டா அது நம்ப பொண்ணா இருக்காது. வந்துட்டுப் போற பொண்ணா ஆயிடும்."

3

மைசூர் ராஜ்ஜியத்திலிருந்து பட்டணம் போவது அப்போது லேசான காரியம் இல்லை. சுரங்கத்தில் பன்னிரண்டு நாள் ரஜா எழுதி வாங்கவே ஒரு மாசம் ஆயிற்று. புறப்படுகிற அன்றைக்கு வயலை விட்டுக் கல் எதையும் கொண்டுபோகவில்லை என்று தலைப்பாகையை அவிழ்த்துக் காட்டினேன். அங்கே தங்கம் இருக்கிறதா என்று தேடினார்கள். ஜோலார்பேட்டையில் வண்டியை நிறுத்திப் பிளேக் கட்டி இருக்கிறதா என்று அக்குளில் தேடினார்கள். நான் சேர்த்ததாக ஒருத்தருக்குச் சந்தேகம், நான் பரப்புவதாக இன்னொருத்தருக்குச் சந்தேகம். இரண்டும் என்னிடத்தில் இல்லை.

கடைசியில் கையில் ஒரு பிளேக் பாஸ்போர்ட்டைக் கொடுத்தார்கள். பட்டணத்தில் இறங்கிய நாள் முதல் பத்து நாளைக்குத் தினம் காலையில் பேட்டை ஆபீசில் போய் நின்று முகத்தைக் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் பிடித்துக்கொண்டு போய் அடைப்பார்கள்.

"அப்படீன்னா பத்து நாளு எங்க ஊட்லதான்" என்று ரயிலடியில் துரைசாமி சிரித்தார். "நாங்க கட்டிப் போட வாணாம், சர்க்காரே கட்டிப் போட்டுச்சி. வாங்க சகலை."

பித்தளைப் பொத்தான் வைத்த காக்கிச் சட்டை. இடுப்பில் ஒரு பட்டை. அவருக்குப் பக்கத்தில் பாவாடை கட்டி, எண்ணெய் வழிய வாரி ரிப்பன் முடிந்து ஒரு பெண் நின்றது. யாருடைய பெண்ணோ என்று ஒரு கணம் பார்த்துவிட்டேன். ஒரு கணம்தான். அந்தக் கணத்தை எனக்குத் தந்தவர் மேல் எனக்கு ஏற்பட்டது என்ன என்று நான் எழுதப்போவதில்லை. உங்களுக்கும் பெண் பிள்ளைகள் இருக்கிறார்கள்.

"நைனா, மூட்டைய என்னாண்ட குடு" என்றாள். "டிராமு பக்கத்துலதான் நிக்கிது. ஓடாத, அது போனா இன்னொண்ணு வரும்."

இங்கே கேஜ் போனால் இன்னொன்று வராது. எட்டு மணி நேரம் கழித்துத்தான் வரும்.

4

பத்து நாளும் ஒரே வரிசைதான். விடிந்ததும் பேட்டை ஆபீஸ். அங்கே திண்டிவனத்துக்காரன், பெல்லாரிக்காரன் எல்லோரும் வரிசையில் நிற்போம். குமாஸ்தா தலையைத் தூக்காமல் பேரைக் கூப்பிடுவார். "இருக்கேன்" என்பேன். நான் இருக்கிறேன் என்பதைத் தினம் ஒரு தடவை அரசாங்கத்துக்குச் சொல்லிவிட்டு, வாசலில் காத்திருக்கிற மகளோடு டிராம் ஏறுவேன். பள்ளிக்கூடத்துக்கு விடுமுறை. அவள்தான் எனக்கு ஊரைக் காட்டினாள்.

டிராம் தண்டவாளத்தில் ஓடுகிற பெட்டி. இரண்டு பக்கமும் திறந்திருக்கும். மாடும் இல்லை, குதிரையும் இல்லை, புகைகூட இல்லை. முன்னால் நின்றுகொண்டு ஒருவர் பித்தளைப் பிடியைத் திருப்புகிறார், ஊர் பின்னால் போகிறது. அவ்வளவுதான் வேலை. அந்தப் பிடியைத் திருப்புகிற கையைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். வெயில் படுகிற கை. சுத்தமான நகம்.

முதல் நாளே என் வாய் என்னைக் காட்டிக்கொடுத்தது. "இந்தக் கேஜு அடுத்து எங்க நிக்கும்?" என்று டிக்கட்டு கொடுக்கிறவரைக் கேட்டேன். பக்கத்தில் இருந்தவரிடம், "சொல்ப தள்ளிக் குந்துங்க" என்றேன். நம் ஊரில் இருந்தவரைக்கும் எனக்குக் "கொஞ்சம்" என்றுதான் சொல்லத் தெரியும், அந்தச் சொல்ப தெரியாது. கன்னடக்காரர்களோடு பேசிப்பேசி எப்போது நாக்கில் ஒட்டியது என்றும் தெரியாது. பெட்டி முழுக்கத் திரும்பிப் பார்த்தது. அமிர்தம் தெருப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவளுடைய கழுத்து சிவந்ததைப் பார்த்தேன்.

கோட்டை ஓரமாகப் போனோம். ஹைகோர்ட்டு மேல் கப்பலுக்கு வெளிச்சம் காட்டுகிற விளக்கை அண்ணாந்து பார்த்தோம். செத்த காலேஜுக்குப் போனோம். மியூசியத்துக்குப் பட்டணத்தில் அதுதான் பேர். பஞ்சு அடைத்த புலி, எலும்பாய் நிற்கிற திமிங்கலம், அப்புறம் ஒரு கண்ணாடிப் பெட்டியில் கல். அதற்குக் கீழே எழுதியிருந்ததை அமிர்தம் எழுத்துக் கூட்டிப் படித்தாள்.

"கோலாரு கல்லாம் நைனா. தங்கம் உள்ள கீதாம்."

நாற்பது பேர் வரிசையில் நின்று அந்தக் கல்லைப் பார்த்துக்கொண்டு போனார்கள். தினம் என் காலடியில் டன் கணக்கில் போகிற கல். பட்டணத்தில் ஒரு துண்டுக்குக் கண்ணாடிப் பெட்டி, பூட்டு, காவல்காரன். நானும் அந்தக் கல்லும் ஒரே ஊர்தான் என்று காவல்காரனிடம் சொல்ல வாய் வந்தது. மகளின் கழுத்தை நினைத்துச் சும்மா இருந்துவிட்டேன்.

உயிர் காலேஜில் உயிருள்ள புலி பார்த்தோம். அது கூண்டுக்குள் போய்த் திரும்பி, போய்த் திரும்பி நடந்துகொண்டிருந்தது. அதை மட்டும் எனக்குப் பொறாமையில்லாமல் பார்க்க முடிந்தது.

கடலைக் கேட்டீர்கள். கடல் பெரிதாக இருக்கிறது. ஸ்டாம்பு மில் மாதிரி ஓயாமல் இடிக்கிறது, ஆனால் ஒரு குந்துமணிப் பொன்னும் அரைத்துத் தருவதில்லை. அப்படியிருந்தும் சாயங்காலமானால் ஊரே டிராம் ஏறி அதைப் பார்க்கப் போகிறது. என் மகள் பாவாடையை முழங்காலுக்குத் தூக்கிக்கொண்டு அலைக்குள் போய் நின்றாள். பயமே இல்லை. "யாரும்மா ஒனக்கு இத்தச் சொல்லிக் குடுத்தது?" என்றேன். பதில் எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டே கேட்டு, அந்தப் பதிலைக் கேட்டு, அதில் எரிந்துகொண்டு நிற்க ஒரு ருசி இருக்கிறது.

சில நாள் துரைசாமி ஓட்டுகிற டிராமே வரும். அப்போது அமிர்தம் என்னை விட்டுவிட்டு முன்பெஞ்சில் முட்டி போட்டு, அவர் முதுகுக்குப் பின்னால் நின்றுகொள்வாள். அடுத்து வருகிற இடத்தின் பேரை அவர் காதில் சொல்வாள். அவர் காலால் சேகண்டியை மிதித்து டங்கென்று அடிப்பார். இரண்டு பேரும் சிரிப்பார்கள். அது அவர்களுடைய பழைய விளையாட்டு என்று பார்த்தாலே தெரிந்தது. நான் பின்னால் உட்கார்ந்திருப்பேன். என் தலைக்கு மேல் ஒரு தோல்வார் டிராமின் நீளத்துக்கும் போகும். டிக்கட்டு கொடுக்கிறவர் அதை இழுத்தால் முன்னால் மணி அடிக்கும். ஒன்று அடித்தால் நில். இரண்டு அடித்தால் போ.

முதல் நாளே அதைக் கணக்குப் பண்ணிவிட்டேன். என் கை அந்த வாரைப் பார்த்துக்கொண்டே இருந்தது.

5

ஏழாவது நாள் மவுண்ட் ரோடு. கீரைக்கூடைக்காரி ஒருத்தி ஏறினாள். வலது காலை வைத்தாள், கூடையை உள்ளே தள்ளினாள், இடது காலையும் எடுத்து உள்ளே வைத்தாள். பதினோரு வருஷம் காலைப் பார்த்தே பழகிய கண். இரண்டு காலும் உள்ளே வந்ததைத் தெளிவாகப் பார்த்தேன். டிக்கட்டு கொடுக்கிறவர் இரண்டு அடித்துவிட்டு நடுப்பெஞ்சுக்குப் போனார். டிராம் நகர்ந்தது.

அந்த நேரத்தில் முன்னால் அமிர்தம் எதையோ சொன்னாள். துரைசாமி தலையைப் பின்னுக்குச் சாய்த்துச் சிரித்தார். அவளும் தலையைப் பின்னுக்குச் சாய்த்துச் சிரித்தாள். அதே சாய்ப்பு. அதே சிரிப்பு. பொன்னம்மாள் அப்படிச் சிரிக்க மாட்டாள், நானும் சிரிக்க மாட்டேன்.

நான் எழுந்து வாரை இழுத்தேன். ஒரு மணி.

டிராம் முழங்காலில் அடிபட்ட மாடு மாதிரி நின்றது. ஒரு பெரியவரின் தலைப்பாகை முன்பெஞ்சில் போய் விழுந்தது. கீரைக்கூடை கவிழ்ந்தது. பின்னால் வந்த கட்டைவண்டிக்காரன் எங்கள் எல்லோருடைய தாயாரையும் விசாரித்தான். துரைசாமி திரும்பிப் பார்க்கவில்லை. பிடியை நிறுத்தி, பிரேக்கைச் சுற்றி, நேரே பார்த்தபடி நின்றார். எங்கள் எஞ்சின்காரரும் அப்படித்தான் நிற்பார். மணி கேட்டால் கை நிறுத்த வேண்டும். யார், ஏன் என்று கை கேட்கக் கூடாது. அந்த மனிதர் என் ஒரு மணிக்குக் கட்டுப்பட்டு நின்றதில், ஒரு மூச்சு விடுகிற நேரம், எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

ஓரத்தில் நின்றிருந்த டிராம் மேஸ்திரி ஓடி வந்தார். "யாருய்யா வாரை இழுத்தது?"

"நான்தாங்க. அந்தம்மா காலு வெளிய இருந்துது" என்றேன்.

எல்லோரும் கீரைக்காரியைப் பார்த்தார்கள். அவள் தரையில் குந்திக் கட்டுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். "என் காலு கிடக்கட்டும்யா. கீரைய கவுத்துட்டானே இந்தப் பெரிய மனுசன், இத்த எவன் வாங்குவான்? நீ துன்றியா?"

மேஸ்திரி என் பக்கம் கையை ஓங்கிக்கொண்டு வந்தார். துரைசாமி இறங்கி வந்து நடுவில் நின்றார். "என் ஆளு சார். தங்க வயல்ல மணி அடிக்கிறவரு. காலு வெளிய தெரிஞ்சா அவுரு கை சும்மா இருக்காது. பெட்டியில ஏத்திக்கினு வந்தது நான். எழுதறதுன்னா என் பேர எழுதிக்குங்க."

எழுதிக்கொண்டார். மூன்று நாளைக்குத் துரைசாமி வண்டி ஓட்டக் கூடாது என்று ஆயிற்று.

அமிர்தம் முன்பெஞ்சிலேயே இருந்தாள். சிரிப்பு நின்றிருந்தது. என்னைப் பார்த்தாள், கீரைக்காரியின் காலைப் பார்த்தாள், மறுபடியும் என்னைப் பார்த்தாள். சாஃப்ட்டின் வாயில் எனக்குக் கூழ் கொண்டுவந்து கொடுத்து வளர்ந்த பிள்ளை. மணி எதற்கு அடிப்பது என்று அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

6

அன்றைக்கு அவர்கள் வீட்டில் எனக்குப் பாயசம் வைத்தார்கள்.

"ஒரு உசிரக் காப்பாத்திக்கீறாரு என் தங்கச்சி ஊட்டுக்காரரு" என்று கன்னியம்மாள் பக்கத்து வீடுகளுக்கெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தாள். துரைசாமி தலையை ஆட்டிக்கொண்டு சாப்பிட்டார். அமிர்தம் பாயசத்தைத் தொடவில்லை. வயிறு சரியில்லை என்றாள்.

வண்டியில்லாத மூன்று நாளும் துரைசாமி எங்களோடு டிராமில் ஏறி, டிக்கட்டு வாங்கி, என் பக்கத்தில் உட்கார்ந்து வந்தார். உட்கார்ந்து போய் அவருக்குப் பழக்கமில்லை. வளைவு வந்தால் அவருடைய வலது கை தொடையின் மேல் தானாகத் திரும்பும். வேறு ஒருவர் பிடியைத் திருப்புவதை, நான் அவரைப் பார்த்த மாதிரியே பார்த்துக்கொண்டு வந்தார். அதைப் பார்க்கப் பார்க்க என்னால் தாங்க முடியவில்லை. பத்தாவது நாள் ராயபுரம் போகிற டிராமில், அமிர்தம் முன்னால் போய் உட்கார்ந்த பிறகு சொல்லிவிட்டேன்.

"சகலை. அந்தக் கீரைக்காரி காலு ரெண்டும் உள்ளதான் இருந்துது."

அவர் வெளியே பார்த்துக்கொண்டே, "தெரியும்" என்றார்.

"யாரு சொன்னது?"

"அமிர்தம் அன்னிக்கே சொல்லிச்சி. நைனா பொய் மணி அடிச்சிட்டாரு பெரியப்பா, நீ அவரண்ட கேக்காத, அவுரு ஊருல அதுக்கு மேல மானக்கேடு கெடையாதுன்னு அழுவுது." என் பக்கம் திரும்பி, "ஏன் அடிச்சீங்கன்னு நானும் கேக்க மாட்டேன். எனக்குத் தெரிஞ்ச மாதிரிதான் கீது" என்றார்.

அவள் எனக்காக அழுதிருக்கிறாள். அந்த அழுகையை அவரிடத்தில் கொண்டுபோய் அழுதிருக்கிறாள். இந்த இரண்டில் எது எனக்கு அதிகமாக வலித்தது என்று வருஷம் ஒன்றாகியும் தீர்மானிக்க முடியவில்லை.

ராயபுரத்தில் இறங்கி, பட்டாணி வாங்கித் தந்து அவளைக் கேட்டேன். "நாளைக்கு ரயிலு. நைனாவோட வரியாம்மா?"

பட்டாணியைத் தின்னாமல் கைக்குள் மூடி வைத்துக்கொண்டாள். "பாடம் பாதில கீது நைனா. ஒரு வருசம் குடு. அப்பொறம் நானே வந்து சொல்றேன், அங்கியா இங்கியான்னு."

பிடித்து இழுத்துக்கொண்டு வந்திருக்கலாம். பெற்றவன். சட்டம் என் பக்கம், ஊர் என் பக்கம். ஆனால் ஓடுகிற வண்டியை இழுத்து நிறுத்துவதற்கு இருந்த ஒரு மணியை நான் ஏற்கெனவே செலவழித்துவிட்டேன். இரண்டாவது தடவை கை வரவில்லை. "சரி" என்றேன்.

7

மாரிகுப்பத்தில் ரயில் பாதை முடிந்துபோகிறது. அதற்கு மேல் வண்டி போகாது, வந்த வழியே திரும்ப வேண்டியதுதான். பொன்னம்மாள் கையில் கனகாம்பரச் சரத்தோடு நின்றாள். நான் இறங்கின பிறகும் எனக்குப் பின்னாலேயே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசிப் பெட்டி காலியாகிறவரைக்கும் பார்த்தாள்.

"பாடம் பாதில கீதாம்" என்றேன்.

அவள் சரத்தைத் தன் தலையில் வைத்துக்கொள்ளவில்லை. நான் இறங்கி வந்த பெட்டியின் கைப்பிடியில் போய்ச் சுற்றிவிட்டு வந்தாள். "திரும்பிப் போற வண்டிதானே" என்றாள்.

பட்டணத்தில் என்ன நடந்தது என்று அவளுக்கு இன்றுவரை தெரியாது. படிப்புக்காகப் பிள்ளையை விட்டுவிட்டு வந்த பெரிய மனசுக்காரன் என்று என்னைப் பற்றி அக்காவுக்குக் கடுதாசி எழுதச் சொன்னாள். என் கையாலேயே எழுதினேன்.

8

ஒரு வருஷம் ஆயிற்று. சொன்ன சொல்படி வந்தாள். கூட அவரும் வந்தார்.

"நான் ஒரு வார்த்த பேசல சகலை" என்றார் ரயிலடியிலேயே. "அங்கியா இங்கியான்னு அதுவா சொல்லட்டும். அது இங்க இருக்கேன்னா நான் கன்னியம்மாளுக்குச் சமாதானம் சொல்லிக்கிறேன். எனக்குச் சமாதானம் யாரு சொல்றதுன்னுதான் தெரியல."

ஞாயிற்றுக்கிழமைகளில் சுரங்கத்தை மேய்க்கிற காப்டன் துரையிடம் எழுதி வாங்கினால் வெளியாள் கீழே இறங்கிப் பார்த்து வரலாம். எழுதி வாங்கினேன். பத்து நாள் எனக்கு ஊர் காட்டினவர்களுக்கு நான் காட்ட இருப்பது அந்த ஒரு குழிதான். துரைசாமி வெளுத்த வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, கூண்டைச் சுற்றிப் பார்த்தார்.

"இன்னா சகலை, இதுல பெஞ்சே காணோம். டிக்கட்டு எங்க வாங்கறது?"

"கீழ போயி உசிரோட வந்தா டிக்கட்டு வாணாங்க" என்றேன்.

"பெரியப்பாவ பயமுறுத்தாத நைனா" என்றாள் அமிர்தம். என் பக்கத்தில், கயிற்றுக்கு ஒரு முழம் தள்ளி நின்றாள். வெள்ளை மண் காற்றில் வந்து அவள் ரிப்பனில் படிந்தது.

பம்புக்காரர் இரண்டு பேர் ஏறினார்கள். பிறகு துரைசாமி. வலது காலை வைத்தார். இடது கால் விளிம்பில் நின்றது. உள்ளே எட்டிப் பார்த்துவிட்டார் போலிருக்கிறது. வேலூர் ஜட்கா, மவுண்ட் ரோடு டிராம் எல்லாம் ஓட்டின மனிதரின் அந்த ஒரு கால் உள்ளே வர மறுத்தது. என் கை கயிற்றின் மேல் இருந்தது.

அப்போதுதான் கவனித்தேன். என் மகள் அவரைப் பார்க்கவில்லை, குழியைப் பார்க்கவில்லை. என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பட்டணத்தில் பத்து நாளும் எந்தப் பார்வைக்காக ஏங்கினேனோ, அந்தப் பார்வை முழுசாக என் மேல் இருந்தது. இமைகூடக் கொட்டவில்லை. இப்படியா கிடைக்க வேண்டும்.

இடது கால் உள்ளே வந்தது. கதவைச் சாத்தினேன். மூன்று அடித்தேன். நிறுத்தி, இரண்டு அடித்தேன். கயிறு இறங்கத் தொடங்கிய பிறகுதான் அவள் மூச்சு விட்டாள்.

ஒரு மணி நேரம் கழித்து மேலே வந்தார். முகமெல்லாம் கறுப்பு. "பன்னெண்டு வருசமா இத்தயா பண்றீங்க" என்றார் என்னிடம். "டிராமுல நீங்க மணி அடிச்சப்போ நான் ரோட்டப் பாத்துக்கினு நின்னேன். இங்க மணி கேட்டதும் சாமியக் கூப்பிட்டேன்." அமிர்தம் தாவணி முனையால் அவர் கன்னத்தைத் துடைத்தாள். அப்படியே அதே முனையால், கேட்காமல், என் கையையும் துடைத்தாள். கயிற்றில் இருந்த எண்ணெய்.

மறுநாள் காலையில் கண் சிவந்து எழுந்தாள். "இன்னாம்மா?" என்றாள் பொன்னம்மாள்.

"ஸ்டாம்பு மில்லு சத்தம்மா. தூக்கமே வரல." சொல்லிவிட்டு எங்கள் இரண்டு பேரையும் பார்த்தாள். பிறகு அவளே கேட்டாள். "பட்டணத்து வண்டிக்கு இங்கேர்ந்து எத்தினி மணிக்கு நைனா போவணும்?"

சொன்னேன்.

பொன்னம்மாள் இந்தத் தடவை பூவைப் பெண்ணின் தலையிலேயே வைத்தாள். துரைசாமி மூட்டைகளோடு முன்னால் ஏறினார். அவருக்கு என்னை நேராகப் பார்க்கக் கூச்சமாக இருந்தது. ஜெயித்தவருக்குக் கூச்சமும் அழகாகத்தான் இருக்கிறது. அதற்கும் வயிறு எரிந்தது. கார்டு விசில் ஊதினார். அமிர்தம் படியில் நின்று அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். நான் பெட்டிக் கதவைப் பிடித்துக்கொண்டு குனிந்தேன்.

வலது கால் உள்ளே இருந்தது. இடது கால் இன்னும் படியில் இருந்தது.

"உள்ள வாம்மா" என்றேன்.

வந்தாள். இரண்டு காலும் உள்ளே வந்ததைப் பார்த்த பிறகுதான் கதவிலிருந்து கையை எடுத்தேன்.